கோட்டையூர்த் திண்ணையில் ஒரு ஹர்லிங் மட்டை

ஆடுகளம்: வாசகர் கேள்வி - பதில்

(பதில் தருபவர், காரைக்குடி வட்டாரப் பள்ளி ஒன்றில் 34 ஆண்டுகள் உடற்கல்வி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர்.)

என் மகன் அயர்லாந்தில் கார்க் நகரத்தில் குடும்பத்தோடு இருக்கிறான். தினமும் ஆற்றுக்கு அடியில் போகும் 'ஜாக் லிஞ்ச் சுரங்கப்பாதை' வழியாகத்தான் வேலைக்குப் போகிறான். ஜாக் லிஞ்ச் யார் என்று கேட்டால், கூட வேலை பார்ப்பவர்களில் ஒருவர் 'பழைய பிரதமர்' என்கிறாராம், இன்னொருவர் 'பெரிய ஆட்டக்காரர்' என்கிறாராம். எது சரி ஐயா?
*- வாசகர், கோட்டையூர்*

இரண்டும் சரி. 1966 முதல் 1973 வரையும், மறுபடி 1977 முதல் 1979 வரையும் அவர் அயர்லாந்தின் பிரதமர். ஆனால் 1948-இல் முதன்முதலாக நாடாளுமன்றத்துக்குப் போகும்போதே கார்க்கில் அவரைத் தெரியாத வீடு கிடையாது. அந்தப் பெயரைச் சம்பாதித்துக் கொடுத்தது ஆட்டம். ஆகவே, உங்கள் மகனின் நண்பர்களில் இரண்டாமவர் பக்கம்தான் நான்.

பிறந்த நாள் நமக்கு மறக்காது: 1917, ஆகஸ்ட் 15. கார்க் நகரத்தின் வடகரையில் ஷாண்டன் என்ற பகுதி, மணியோசைக்குப் பெயர்போன தேவாலயத்தின் பக்கத்திலேயே வீடு. அங்கே இரண்டு ஆட்டங்கள் உயிர். ஒன்று ஹர்லிங், மட்டையால் அடித்து ஆடுவது. மற்றொன்று கேலிக் கால்பந்து, கையாலும் காலாலும் ஆடுவது. லிஞ்ச் இரண்டையும் ஆடினார். ஹர்லிங்குக்கு கிளென் ரோவர்ஸ், கால்பந்துக்கு செயின்ட் நிக்கலஸ் என்று இரண்டு சங்கங்கள். இரண்டும் ஒரே தெருக்காரர்களுடையவைதான். கிளென் ரோவர்ஸ் 1934 முதல் 1941 வரை தொடர்ந்து 8 ஆண்டுகள் கார்க் பட்டத்தை வேறு யாருக்கும் விடவில்லை. அப்படிப்பட்ட பட்டறையில் அடித்து உருவாக்கிய இரும்பு அவர்.

நான் முதலில் சொல்ல விரும்புவது அவர் தோற்ற ஆட்டத்தை. 1939 செப்டம்பர் 3. அகில அயர்லாந்து ஹர்லிங் இறுதிப் போட்டி, டப்ளினில் க்ரோக் பார்க் மைதானம். கார்க் அணிக்குத் தலைவர் 22 வயது லிஞ்ச். பிரிட்டன் ஜெர்மனி மீது போர் அறிவித்ததும் அதே நாள்தான். ஆட்டத்தின் பிற்பாதியில் இடியும் மின்னலுமாக வானம் பிய்த்துக்கொண்டு கொட்டியது. அந்த மழையில் கில்கெனி அணியிடம் கார்க் ஒரே ஒரு புள்ளியில் தோற்றது. இன்றும் அதை 'இடி மின்னல் இறுதிப் போட்டி' என்றுதான் அந்த நாட்டில் சொல்கிறார்கள்.

அதற்குப் பிறகு நடந்ததுதான் பெரிய சாதனை. 1941, 42, 43, 44 என்று தொடர்ந்து நான்கு ஆண்டுகள் ஹர்லிங்கில் அகில அயர்லாந்துப் பதக்கம். 1942-இல் அவரே தலைவர். 1945-இல் கார்க் ஹர்லிங் அணி இறுதிக்கு வரவில்லை, ஆனால் கால்பந்து அணி வந்து வென்றது. அதிலும் லிஞ்ச் இருந்தார். 1946-இல் மறுபடி ஹர்லிங். தொடர்ந்து ஆறு ஆண்டுகள், ஆறு பதக்கங்கள். ஒரே ஆட்டம் ஆடுகிறவராக இருந்திருந்தால் சங்கிலி 1945-இல் அறுந்திருக்கும். இரண்டாவது ஆட்டம் அந்தக் கண்ணியைக் கோத்துக் கொடுத்தது.

1941 பற்றி ஒன்று சொல்ல வேண்டும், மறைக்கக் கூடாது. அந்த ஆண்டு டிப்பரரி, கில்கெனி பகுதிகளில் மாடுகளுக்குக் கோமாரி. நோய் பரவும் என்று அந்த அணிகளைப் பயணம் செய்ய விடவில்லை. கார்க்கை நேரடியாக நியமித்து அனுப்பினார்கள். அது கோப்பையை வென்றுவிட்டு ஊர் திரும்பி, தள்ளிவைத்திருந்த மண்டல இறுதியில் அதே டிப்பரரியிடம் தோற்றது! கோமாரிக்காக மஞ்சுவிரட்டே தள்ளிப்போவதைப் பார்த்த நமக்கு இது புரியும். இதனால் பதக்கத்தின் மதிப்பு எனக்குக் குறையவில்லை. அடுத்த மூன்று ஆண்டுகளும் யார் தயவும் இல்லாமல் வென்று காட்டிவிட்டார்கள்.

1945 கால்பந்து இறுதி நாளைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். லிஞ்ச் அப்போது டப்ளினில் அரசாங்க வேலையில் இருந்தார். ஆட்டத்துக்குப் போக பஸ்ஸுக்குக் காத்து நின்றார். வருகிற பஸ் எல்லாம் நிறைந்து வருகிறது. நேரம் போகிறது. கடைசியில் வரிசையைத் தாண்டி முன்னால் போய் ஏறப் பார்த்தார். நடத்துநர் தடுத்தார். "இன்றைக்கு இறுதிப் போட்டியில் ஆட வேண்டியவன் நான்" என்று இவர் சொல்ல, அவர் வழிவிட்டாராம். சிராவயல் மஞ்சுவிரட்டு அன்று காரைக்குடி பஸ் நிலையத்தில் நின்றவர்களுக்கு அந்த வரிசை எப்படி இருந்திருக்கும் என்று நான் விளக்க வேண்டியதில்லை. அன்று கார்க் கேவனை வென்றது. கால்பந்தில் அந்தக் கோப்பை 1911-க்குப் பிறகு 34 ஆண்டுகள் கழித்துக் கார்க்குக்கு வந்தது.

1947-இல் மறுபடி கில்கெனியோடு ஹர்லிங் இறுதி. மறுபடி ஒரு புள்ளியில் தோல்வி. இந்தப் பக்கம் ஒரு புள்ளி, அந்தப் பக்கம் ஒரு புள்ளி, நடுவில் ஆறு பதக்கங்கள். இவ்வளவுக்கும் நடுவே சட்டம் படித்து 1945-இல் வழக்கறிஞராகவும் ஆகிவிட்டார்.

சுரங்கப்பாதை திறந்தது 1999 மே மாதம். அதே ஆண்டு அக்டோபர் 20-ஆம் தேதி அவர் மறைந்தார். மகனிடம் சொல்லுங்கள்: வடக்கு வாசலில் வெளியேறியதும் பக்கத்தில் இருக்கிற கிளான்மயர் என்ற ஊரைக் கவனிக்கச் சொல்லுங்கள். அந்த ஊர்க்காரர் ஒருவரைப் பற்றிக் கீழே எழுதியிருக்கிறேன்.

ஹர்லிங் என்றால் என்ன சார்? ஹாக்கி மாதிரியா? தேடிப் பார்த்தேன், 0-11 என்றெல்லாம் கணக்கு வருகிறது. புரியவில்லை.
*- 8-ஆம் வகுப்பு மாணவர், பள்ளத்தூர்*

தம்பி, ஹாக்கியை மறந்துவிடு. கிட்டிப்புள்ளை நினைத்துக்கொள். புள்ளின் நுனியில் கிட்டியால் ஒரு தட்டு. அது எழும்பி முகத்துக்கு நேரே வரும்போது வீசி ஓர் அடி. ஹர்லிங்கின் உயிரும் அந்த இரண்டு அசைவுகளில்தான் இருக்கிறது. தரையில் கிடக்கும் பந்தைக் கையால் எடுக்கக் கூடாது; மட்டையால் கிளப்பித்தான் எடுக்க வேண்டும். கிளப்பிய பந்தை அந்தரத்திலேயே அடிக்கலாம், கையில் பிடிக்கலாம், கையில் வைத்துக்கொண்டு நான்கு எட்டு வரை போகலாம். அதற்கு மேல் ஓட வேண்டுமானால் பந்தை மட்டையின் முகத்தில் நிறுத்தி, கீழே விழாமல் ஓட வேண்டும். சுற்றிலும் ஆட்கள் மட்டையை ஓங்கிக்கொண்டு வருவார்கள்! அணிக்கு 15 பேர். மைதானத்தின் நீளம் 130 மீட்டருக்குக் குறையாது.

கணக்கு இப்படி: கம்பம் ஆங்கில எழுத்து 'எச்' போல இருக்கும். குறுக்குக் கம்பிக்குக் கீழே வலைக்குள் போனால் கோல், அதற்கு 3 புள்ளி. மேலே, இரண்டு கம்பத்துக்கு நடுவே போனால் 1 புள்ளி. கோலை முதலிலும் புள்ளியைப் பிறகும் எழுதுவார்கள். 0-11 என்றால் கோல் இல்லை, 11 புள்ளி. 2-5 என்றால் இரண்டு கோலுக்கு 6, அத்தோடு 5, ஆக 11. இரண்டும் சமம். கேலிக் கால்பந்துக்கும் அடிப்படை இதுதான். 2025 முதல் அதில் மட்டும், தூரத்தில் வரைந்த வளைகோட்டுக்கு வெளியிலிருந்து அடித்து மேலே போக்கினால் 2 புள்ளி.

இனி நான் கண்ணால் பார்த்ததைச் சொல்கிறேன். மேலே கேள்வி கேட்ட கோட்டையூர் வாசகரின் மகன் விடுமுறையில் வந்தபோது மட்டையும் பந்தும் கொண்டுவந்திருந்தார். சொல்லி அனுப்பினார்கள், அன்று சாயங்காலமே போய்விட்டேன். அவர்கள் வீட்டு முகப்புத் திண்ணையில் உட்கார்ந்து அந்த மட்டையை மடியில் வைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தேன். ஏறக்குறைய மூன்றடி நீளம். பிடி மெலிந்து, அடிப்பக்கம் அகன்று உள்ளங்கை போல விரிகிறது. அந்த அகலப் பகுதி பிளக்காமல் இருக்க ஓரத்தில் தகட்டுப் பட்டை அடித்திருக்கிறது. மரம் வெளிறிய நிறம், பெயர் ஆஷ். மரத்தின் நார் ஓட்டத்தை விரலால் தடவிக்கொண்டே போனால், பிடியில் நேராக வந்து அடியில் வளைவோடு சேர்ந்து அதுவும் வளைகிறது. ஓர் இடத்தில்கூட அறுபடவில்லை.

காரணம், அதை மரத்தின் தூரிலிருந்து அறுக்கிறார்கள். தண்டு முடிந்து வேர் விரிகிற இடத்தில் மரமே வளைந்திருக்கும். அந்த வளைவோடுதான் மட்டையை எடுப்பார்கள். நம் ஊர் ஆசாரி கலப்பைக்குக் கட்டை தேடும்போது, தானே வளைந்து வளர்ந்த கருவேலங்கட்டையைத்தான் தேடுவார். நேர்க்கட்டையை வளைவாகச் செதுக்கினால் முதல் உழவில் முறிந்துவிடும் என்று என் தாத்தா காலத்து ஆசாரி சொல்லக் கேட்டிருக்கிறேன். கடல் கடந்து அங்கேயும் அதே அறிவு. ஒரு வருத்தமான செய்தி: 2012-இல் அயர்லாந்தில் ஆஷ் மரங்களைக் காயவைக்கும் பூசண நோய் புகுந்துவிட்டது. இப்போது மரத்தை வெளிநாட்டிலிருந்து வரவழைக்கிறார்கள். மூங்கிலில்கூட மட்டை செய்கிறார்கள்.

பந்து டென்னிஸ் பந்தைவிடக் கொஞ்சம் பெரியது, 110 முதல் 120 கிராம் எடை. மேலே தோல், தையல் ஓரங்கள் வரப்பு போலப் புடைத்து நிற்கும். உள்ளே தக்கை. கையில் பிடித்தவுடனே தெரிந்துவிட்டது, இது முகத்தில் பட்டால் விளையாட்டு இல்லை என்று. 2010 முதல் எல்லா வயதினருக்கும் தலைக்கவசம் கட்டாயம்.

ஊருணிக்குப் பின்னால் இருக்கிற பொட்டலில் நான்கு தடவை அடித்துப் பார்த்தேன். மூன்று காற்றோடு போயிற்று. நான்காவது மட்டையின் நடுவில் பட்டது. முழங்கை வரை ஒரு சுகம் ஏறியது. பத்து வயதில் புள்ளை அடித்தபோது கிடைத்த அதே சுகம்.

இவ்வளவு பெரிய வீரர்களுக்குச் சம்பளம் எவ்வளவு? ஏலம் உண்டா?
*- வாசகர், காரைக்குடி*

சம்பளம் கிடையாது. ஏலமும் கிடையாது. க்ரோக் பார்க்கில் 82,000 பேருக்கு மேல் உட்கார்ந்து பார்க்கலாம். அந்தக் கூட்டத்தின் முன்னால் ஆடியவர் திங்கட்கிழமை பள்ளிக்கூடத்துக்கோ வயலுக்கோ வேலைக்குப் போய்விடுவார். பயணப்படி போன்றவை உண்டு, அவ்வளவுதான்.

பெரும்பாலும் பிறந்து வளர்ந்த ஊர்ச் சங்கத்துக்குத்தான் ஆடுவார்கள். அந்தச் சங்கம் தேவாலயப் பங்கை எல்லையாகக் கொண்டது. அங்கிருந்து தேர்ந்தெடுக்கப்பட்டால் மாவட்டத்துக்கு ஆடலாம். நகரத்தார் வீடுகளில் எந்த நாட்டில் போய்த் தொழில் செய்தாலும் இளையாற்றங்குடியோ பிள்ளையார்பட்டியோ அவரவர் கோவிலில் புள்ளிக்கணக்கு, அதாவது குடும்பக் கணக்கு, இருக்கும் அல்லவா? ரங்கூனில் இருந்தாலும் சைகோனில் இருந்தாலும் புள்ளி இங்கேதான். அந்த மக்களுக்கு ஊர்ச் சங்கம் அப்படி. பணம் கொடுத்து மாற்றிக்கொள்ள முடியாதது.

வெள்ளைக்காரன் ஆண்ட நாடுதானே அயர்லாந்தும்? நம்மைப் போலக் கிரிக்கெட்டைப் பிடித்துக்கொள்ளாமல் எப்படித் தங்கள் ஆட்டத்தைக் காப்பாற்றினார்கள்?
*- வாசகர், கானாடுகாத்தான்*

அங்கேயும் கிரிக்கெட் ஆடினார்கள், இன்றும் ஆடுகிறார்கள். ஆனால் 1884 நவம்பர் 1-ஆம் தேதி தர்லஸ் என்ற சிற்றூரின் விடுதி ஒன்றில் மைக்கேல் கூசக் என்ற ஆசிரியரும் இன்னும் சிலரும் கூடி ஒரு சங்கம் தொடங்கினார்கள். அதுதான் இன்றைய கேலிக் விளையாட்டுச் சங்கம். ஆசிரியர் தொடங்கியது என்பதில் எனக்குத் தனிப் பெருமை. கிரிக்கெட், ரக்பி போன்ற அந்நிய ஆட்டங்களை ஆடினால் உறுப்பினர் பதவி போய்விடும் என்று நெடுங்காலம் தடை வைத்திருந்தார்கள், 1971-இல்தான் நீக்கினார்கள். அந்தத் தடை எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் அதன் பின்னால் இருந்த வலி தெரியும்: 1920 நவம்பர் 21 அன்று ஆட்டம் நடந்துகொண்டிருந்த க்ரோக் பார்க்கில் பிரிட்டிஷ் படை புகுந்து சுட்டது. 14 பேர் இறந்தார்கள். அவர்களில் ஒருவர், களத்தில் ஆடிக்கொண்டிருந்த டிப்பரரி வீரர் மைக்கேல் ஹோகன். மைதானத்தின் ஒரு பக்கத்துக்கு இன்று அவர் பெயர்.

லிஞ்ச் வெவ்வேறு ஆண்டுகளில் வென்றார். ஒரே ஆண்டில் இரண்டு கோப்பையையும் வென்றவர் உண்டா?
*- வாசகர், புதுவயல்*

இரண்டு இறுதிப் போட்டியிலும் களத்தில் இறங்கி ஆடி, ஒரே ஆண்டில் இரண்டையும் வென்றவர் ஆண்களில் ஒரே ஒருவர்: டெடி மெக்கார்த்தி. கிளான்மயர்க்காரர். நெடிய மனிதர்கள் கூட்டமாக நிற்கும்போது அவர்கள் தலைக்கு மேலே எம்பிப் பந்தைப் பறிப்பதில் பெயர் பெற்றவர்.

1990 செப்டம்பர் 2-ஆம் தேதி ஹர்லிங் இறுதி. கார்க் பின்தங்கிக் கிடந்து, பிற்பாதியில் எழுந்து கால்வே அணியை 5-15க்கு 2-21 என்று வென்றது. கோல்களை மூன்றால் பெருக்கிப் பாருங்கள்: 30க்கு 27. செப்டம்பர் 16-ஆம் தேதி கால்பந்து இறுதி, மீத் அணியோடு. முற்பாதியிலேயே கார்க் வீரர் ஒருவர் வெளியேற்றப்பட்டார். 14 பேரை வைத்துக்கொண்டு 0-11க்கு 0-9 என்று வென்றார்கள். இரண்டுக்கும் நடுவில் 14 நாள்தான். ஒரு பண்டிகைக்குப் பலகாரம் செய்து முடித்த கையோடு அடுத்த பண்டிகை வந்தால் நம் ஆச்சிமார் எப்படி இருப்பார்களோ, அப்படி இருந்திருக்கும் அந்த உடம்பு.

2023 ஜூன் மாதம் 57 வயதில் காலமானார். இன்றைக்குப் போட்டி அட்டவணையும் பயிற்சியும் இறுகிவிட்டன. பெரிய நிலையில் இரண்டையும் ஆடுகிறவர் அபூர்வம். அவர் செய்ததை இனி ஒருவர் செய்வார் என்று எனக்குத் தோன்றவில்லை.

பெண்களில்?
*- கல்லூரி மாணவி, திருப்பத்தூர்*

ரீனா பக்லி, அவரும் கார்க். பெண்கள் ஆடும் ஹர்லிங்குக்குக் காமோகி என்று பெயர். கால்பந்தில் 11, காமோகியில் 7, மொத்தம் 18 அகில அயர்லாந்துப் பதக்கங்கள். 2012-இல் கால்பந்து அணிக்கும் 2017-இல் காமோகி அணிக்கும் தலைவராக இருந்து கோப்பை வாங்கினார். இரண்டிலும் தலைவராக வென்ற முதல் பெண் அவர். லிஞ்ச்சின் ஆறுக்கு இவ்வளவு எழுதிவிட்டு இவரை இத்தோடு விட மனமில்லை. இவரைப் பற்றித் தனியே எழுதுகிறேன்.

என் மகன் 9-ஆம் வகுப்பு. கபடி, கால்பந்து இரண்டும் ஆடுகிறான். "ஒன்றை விட்டால்தான் இன்னொன்றில் தேறுவான்" என்று பயிற்சியாளர் சொல்கிறார். பையன் இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. எதை விடச் சொல்வது ஐயா?
*- ஒரு தாயார், தேவகோட்டை*

எதையும் விடச் சொல்லாதீர்கள் அம்மா. இப்போது வேண்டாம்.

பயிற்சியாளரின் கவலையில் நியாயம் இருக்கிறது. இரண்டு ஆட்டத்திலும் சுமை முழங்காலுக்கும் கணுக்காலுக்கும்தான். காலையில் கபடி, மாலையில் கால்பந்து என்று ஒரே நாளில் இரண்டையும் வைக்காதீர்கள். வாரத்தில் ஒரு நாள் இரண்டும் இல்லாமல் கால் சும்மா இருக்கட்டும். ஒன்பது மணி நேரம் தூங்க வேண்டும். கைப்பேசியை நீங்கள் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். வலி மூன்று நாளுக்கு மேல் இருந்தால் மருத்துவரிடம் காட்டுங்கள், எண்ணெய் தேய்த்துவிட்டு மறுபடி அனுப்பாதீர்கள். ஒரு போட்டி நெருங்கும்போது மற்றதைக் குறைத்துக்கொள்ளலாம். குறைப்பது வேறு, விடுவது வேறு. பதினாறு பதினேழு வயதில் ஒன்று அவனை இழுக்கும். அன்றைக்கு அவனே சொல்வான்.

இவ்வளவு உறுதியாக நான் சொல்வதற்கு ஒரு காரணம் உண்டு. 1991 என்று நினைவு. என்னிடம் ஒரு பையன் இருந்தான். கபடியில் பாடிப் போனால் இரண்டு பேரைத் தொடாமல் திரும்ப மாட்டான். உயரம் தாண்டுவதிலும் மாவட்டத்துக்குப் போகக்கூடியவன். பள்ளிக்குக் கபடிக் கோப்பை வேண்டியிருந்தது. மணல் குழிப் பக்கம் போகக் கூடாது என்று நான் கண்டித்துச் சொன்னேன். சொன்னபடி கேட்டான். மூன்று மாதத்தில் கபடிக்கும் வராமல் போனான். கூப்பிட்டு அனுப்பினேன், திட்டினேன். ஏன் என்று மட்டும் கேட்கவில்லை.

இருபது ஆண்டு கழித்துக் காரைக்குடி கல்லுக்கட்டியில் ஒரு கடையில் பார்த்தேன். எழுந்து வந்து கும்பிட்டு, காப்பி வாங்கிக் கொடுத்தான். குடும்பம், பிள்ளைகள் எல்லாம் பேசி முடித்துவிட்டுக் கிளம்பும்போது கேட்டான்: "அந்த மணல் குழி இன்னும் இருக்கிறதா சார்?"

உங்கள் மகனைச் சாப்பிடச் சொல்லுங்கள். பயிற்சியாளரிடம் நான் பேச வேண்டும் என்றால் பத்திரிகை முகவரிக்கு ஒரு வரி எழுதுங்கள், வருகிறேன்.

அந்த மட்டையை நாங்களும் பார்க்கலாமா சார்?
*- 6-ஆம் வகுப்பு மாணவர்கள் மூன்று பேர், கோட்டையூர்*

பார்க்கலாம், அடிக்கவும் அடிக்கலாம். மட்டையை என்னிடம்தான் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை நாலரை மணிக்கு ஊருணிப் பொட்டலுக்கு வாருங்கள். வீட்டில் சொல்லிவிட்டு வர வேண்டும். அண்ணனுடைய கிரிக்கெட் தலைக்கவசம் இருந்தால் எடுத்து வாருங்கள். பந்து ஒன்றே ஒன்றுதான் இருக்கிறது, ஆகவே ஊருணிப் பக்கம் பார்த்து யாரும் அடிக்கக் கூடாது.